வேலூர், ஆற்காடு, வட ஆற்காடு: இந்தப் பெயர்களில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஆற்காடு வேலூர் மாவட்டத்தில் இல்லை. ஆம்பூரும் இல்லை, வாணியம்பாடியும் இல்லை. 2019 நவம்பர் 28 அன்று இரண்டு புது மாவட்டங்கள் பிறந்தன. ஆற்காடு ராணிப்பேட்டையோடு போனது, ஆம்பூரும் வாணியம்பாடியும் திருப்பத்தூரோடு போயின. ஆனாலும் கல்யாணப் பத்திரிகையிலும் கடை போர்டிலும் "வேலூர் மாவட்டம், ஆற்காடு" இன்னும் நடமாடிக்கொண்டுதான் இருக்கிறது. பத்திரிகையில் இருந்தால் யாருக்கும் நஷ்டமில்லை, மொய் எப்படியும் வந்து சேரும். சான்றிதழுக்கு மனு போடும்போது இதே தவறைச் செய்தால்தான் சிக்கல், மனு சம்பந்தமே இல்லாத கலெக்டர் ஆபீசில் போய் உட்கார்ந்துவிடும்.

இந்தப் பக்கத்தில் எல்லைகள் நகர்ந்துகொண்டே இருக்கும், பெயர்கள் மட்டும் அசையாது. அதனால்தான் வேலூர் என்றால் ஒருவருக்கு மாநகராட்சி, இன்னொருவருக்கு மாவட்டம், மூன்றாமவருக்கு ஆஸ்பத்திரி. ஆற்காடு என்பது இன்னும் மோசம். அது ஒரு சின்ன ஊர், ஒரு காலத்து ராஜ்ஜியம், இரண்டு பழைய மாவட்டங்களின் பெயர், சென்னையில் ஒரு ரோடு, ஒரு குடும்பத்தின் பட்டம், எல்லாமே.

டிக்கெட் போடுவதற்கு முன்னால்

வெளியூர்க்காரர்கள் அதிகம் செய்யும் தவறு இது. ரயில் செயலியில் வேலூர் என்று தேடினால் வேலூர் கண்டோன்மென்ட் வரும். அது காட்பாடி - விழுப்புரம் பாதையில் உள்ள ஸ்டேஷன், போளூர், திருவண்ணாமலை வழியாகத் தெற்கே போகும் வண்டிகளுக்கானது. சென்னையிலிருந்து பெங்களூருக்கோ கோவைக்கோ போகும் வண்டி எதுவும் அங்கே வராது. அவை போகும் பாதையில் நமக்கு ஸ்டேஷன் காட்பாடி சந்திப்பு. கண்டோன்மென்ட் என்று மட்டும் தேடிவிட்டு "வேலூருக்கு ரயிலே சரியில்லை" என்று முடிவு கட்டுகிறவர்கள் நிறைய.

காட்பாடியில் இறங்கி, வாசலுக்கு வந்து, "வேலூர் போகணும், எவ்வளவு?" என்று கேட்டால் ஆட்டோக்காரர் முகத்தில் ஒரு வெளிச்சம் வரும். ஏனென்றால் நீங்கள் நின்றுகொண்டிருக்கும் காட்பாடியே வேலூர் மாநகராட்சிக்குள்தான் இருக்கிறது. எங்கே போக வேண்டும் என்று இடத்தைச் சொல்லிக் கேளுங்கள். பழைய பஸ் ஸ்டாண்டு, கோட்டை, சி.எம்.சி. ஆஸ்பத்திரி எல்லாம் பாலாற்றுப் பாலத்தைத் தாண்டி ஆறேழு கிலோமீட்டருக்குள் வந்துவிடும். கலெக்டர் ஆபீஸ் சத்துவாச்சாரியில். வி.ஐ.டி. பல்கலைக்கழகம் போக வேண்டியவர் பாலத்தைத் தாண்டவே வேண்டாம், அது காட்பாடிப் பக்கத்திலேயே இருக்கிறது.

ஸ்டேஷன் பெயரோடு "ரோடு" ஒட்டியிருந்தாலும் கவனம் வேண்டும். ஆரணி ரோடு ஸ்டேஷன் இருப்பது களம்பூரில். வாலாஜா ரோடும் வாலாஜாபேட்டை ஊருக்குள் இல்லை. அந்த ஊருக்குப் போகிற ரோடு இங்கே பிரிகிறது என்பதோடு அதன் சங்கதி முடிந்தது. இதில் ஒரு பழைய கதையும் உண்டு. தென்னிந்தியாவின் முதல் பயணிகள் ரயில் 1856 ஜூலை 1 அன்று ராயபுரத்திலிருந்து வந்து நின்றது இந்த வாலாஜா ரோட்டில்தான். பழைய குறிப்புகளில் "ஆற்காடு வரை" என்று இருக்கும். அதை நம்பி ஆற்காட்டுக்குள் பழைய ஸ்டேஷனைத் தேட வேண்டாம். ஊர் பாலாற்றின் தென்கரையில் இருக்கிறது, ரயில் ஓடுவது ஆற்றுக்கு வடக்கே.

ஆஸ்பத்திரி வேலூர்

கொல்கத்தாவிலோ வங்கதேசத்திலோ "வேலூர் போகிறோம்" என்றால் வீட்டில் யாருக்கோ உடம்பு சரியில்லை என்று பொருள். கோட்டையும் தெரியாது, கோயிலும் தெரியாது, அவர்களுக்கு வேலூர் என்பது சி.எம்.சி. தான். 1900-ல் ஐடா ஸ்கடர் ஒற்றைப் படுக்கையோடு தொடங்கிய சிகிச்சை வளர்ந்து இந்த அளவுக்கு வந்திருக்கிறது. பாபு ராவ் தெருப் பக்கம் நடந்து பாருங்கள். லாட்ஜ், மெடிக்கல் ஷாப், சாப்பாட்டுக் கடை என்று எதை எடுத்தாலும் போர்டில் வங்க எழுத்து. மீன் குழம்பும் சோறும் வங்காளப் பக்குவத்தில் கிடைக்கும். தமிழ்நாட்டுக்காரர் ஒருவர் அங்கே நின்று வழி கேட்க இந்தி தேவைப்படுகிற நேரமும் வரும்.

இங்கே செய்யக்கூடாத தவறு, சி.எம்.சி. என்பதை ஒரே கட்டடம் என்று நினைப்பது. ஊர் நடுவில் இருப்பது பழைய ஆஸ்பத்திரி. மருத்துவக் கல்லூரி பாகாயத்தில். 2022-ல் திறந்த பெரிய வளாகம் சென்னை - பெங்களூர் நெடுஞ்சாலையில், அதுவும் ராணிப்பேட்டை மாவட்டத்தில் இருக்கிறது. அப்பாயின்ட்மென்ட் சீட்டில் எந்த வளாகம் என்று பார்க்காமல் ஊருக்குள் லாட்ஜ் எடுத்துவிட்டால் காலையில் வெறும் வயிற்றோடு மாவட்டம் விட்டு மாவட்டம் ஓட வேண்டியிருக்கும்.

லாட்ஜ் முகவரியிலும் ஒரு பொறி உண்டு. "ஆற்காடு ரோடு" வேலூரிலும் இருக்கிறது, சென்னையிலும் இருக்கிறது. சென்னை ஆற்காடு ரோடு கோடம்பாக்கம், வடபழனி, வளசரவாக்கம், போரூர் வழியாகப் போகிறது. ஊர்ப் பெயரையும் பின்கோடையும் பார்க்காமல் பணம் கட்டாதீர்கள்.

வட ஆற்காடு எங்கே இருந்தது?

ஆற்காட்டுக்கு வடக்கே இருப்பது வட ஆற்காடு என்று நினைப்பது இயல்பு. ஆனால் வரைபடம் அப்படிச் சொல்லவில்லை. ஆரணி, செய்யாறு, வந்தவாசி எல்லாம் ஆற்காட்டுக்குத் தெற்கே இருக்கின்றன, எல்லாமே வட ஆற்காடு. காரணம், இங்கே ஆற்காடு என்பது ஊர் அல்ல, நவாபின் ஆட்சிப் பகுதி. 1801-ல் கிழக்கிந்தியக் கம்பெனி அதைக் கையில் எடுத்துக்கொண்டு, வடக்குத் துண்டு, தெற்குத் துண்டு என்று நிர்வாகத்துக்காகப் பிரித்தது. தெற்குத் துண்டின் தலைநகரம் கடலூர். நவாபின் ஆற்காடு ஊர் அந்தத் தென் ஆற்காட்டு மாவட்டத்தில் இல்லவே இல்லை.

அடுத்த தவறு, வட ஆற்காட்டின் தலைநகரம் எப்போதும் வேலூர்தான் என்பது. 1911 வரை சித்தூர். அந்த ஆண்டில் சித்தூர் தனி மாவட்டமானது, அதற்குப் பிறகே வேலூருக்குத் தலைமையிடம் வந்தது. 1911-க்கு முந்தைய வட ஆற்காட்டில் திருப்பதியும் காளாஸ்திரியும் சேர்த்தி. திருத்தணியும் அதில்தான் இருந்தது. முன்னாள் குடியரசுத் தலைவர் ராதாகிருஷ்ணன் 1888-ல் அங்கே பிறந்தபோது அது வட ஆற்காடு. பிறகு சித்தூர் மாவட்டத்துக்குப் போய், 1960-ல் தமிழ்நாட்டுக்குத் திரும்பி, இப்போது திருவள்ளூர் மாவட்டத்தில் இருக்கிறது. ஆக, அவர் வேலூர் மாவட்டத்தில் பிறந்தவர் என்று எழுதுவதும் தவறு, ஆந்திராவில் பிறந்தவர் என்று எழுதுவதும் தவறு.

எதிர்த்திசையிலும் நடந்திருக்கிறது. திருவண்ணாமலை 1911 வரை தென் ஆற்காட்டில், திருப்பத்தூர் அதே காலம் வரை சேலத்தில். ரமணர் 1896-ல் வந்து சேர்ந்தது தென் ஆற்காட்டுத் திருவண்ணாமலைக்கு. குடும்ப வரலாறு எழுதுகிறவர்கள், பழைய ரெக்கார்டு தேடுகிறவர்கள் இதை மறந்தால் தப்பான ஜில்லாவின் கட்டுகளில் மாதக்கணக்கில் தூசி தட்டிக்கொண்டிருப்பார்கள்.

அப்புறம் 1989 செப்டம்பர் 30. வட ஆற்காடு இரண்டானது: வட ஆற்காடு அம்பேத்கர் மாவட்டம், திருவண்ணாமலை சம்புவராயர் மாவட்டம். 1990களின் பிற்பகுதியில் மாவட்டங்களிலிருந்து தலைவர்களின் பெயர்களை எடுத்தபோதுதான் "வேலூர் மாவட்டம்" என்ற பெயரே வந்தது. எனவே "1965-ல் வேலூர் மாவட்டத்தில்..." என்று தொடங்கும் எந்தக் கட்டுரையும் முதல் வரியிலேயே தடுக்கி விழுகிறது. வட ஆற்காடு என்றால் இன்றைய வேலூர் என்று சுருக்குவதும் சரியல்ல. திருவண்ணாமலை, ராணிப்பேட்டை, திருப்பத்தூர் மூன்றுக்கும் அந்தப் பெயரில் பங்கு உண்டு.

பழைய பத்திரம், பழைய சான்றிதழ்

தாத்தாவின் கிரயப் பத்திரத்தை எடுத்துப் பாருங்கள். "வட ஆற்காடு ஜில்லா, குடியாத்தம் தாலுக்கா" என்ற மாதிரி இருக்கும். சில கடிதங்களில் "வ.ஆ." என்று இரண்டே எழுத்து. இதைப் பார்த்துவிட்டு, பத்திரத்தில் மாவட்டம் தப்பாக இருக்கிறது, திருத்த வேண்டும் என்று பதறுகிறவர்கள் உண்டு. தப்பில்லை. எழுதிய நாளில் எது மாவட்டமோ அதுதான் அதில் இருக்கும். பள்ளிச் சான்றிதழுக்கும் பிறப்புச் சான்றுக்கும் இதே கணக்கு.

புதிதாக எழுதும்போது மட்டும் இரண்டையும் சேர்த்துச் சொல்லிவிடுவது நல்லது: "அப்போதைய வட ஆற்காடு, தற்போதைய திருவண்ணாமலை மாவட்டம்." வாசிக்கும் குமாஸ்தாவுக்குக் கேள்வி எழாது. வில்லங்கம் பார்க்கும்போது இன்னொன்று: பதிவு மாவட்டம் வேறு, வருவாய் மாவட்டம் வேறு. இரண்டின் எல்லையும் ஒன்றாக இருக்க வேண்டிய கட்டாயம் இல்லை. மாவட்டப் பெயரை வைத்து ஊகிக்காமல், எந்த சார்பதிவாளர் அலுவலகம் என்று பத்திரத்தின் முத்திரையைப் பாருங்கள். பின்கோடை வைத்தும் மாவட்டத்தை முடிவு செய்ய முடியாது. 632-ல் தொடங்கினால் வேலூர் என்பார்கள். ஆரணி 632301, மாவட்டமோ திருவண்ணாமலை.

தேர்தலில் இது இன்னும் வேடிக்கை. வேலூர் மாநகராட்சிக்கு வரி கட்டும் காட்பாடிக்காரர் நாடாளுமன்றத்துக்கு ஓட்டுப் போடுவது அரக்கோணம் தொகுதியில். வேறு மாவட்டத்து ஆம்பூர்க்காரரும் வாணியம்பாடிக்காரரும் வேலூர் எம்.பி.யைத் தேர்ந்தெடுக்கிறார்கள்.

நவாபும் இளவரசரும்

ஆற்காடு நவாபைக் கர்நாடக நவாப் என்றும் எழுதுவார்கள். அந்தக் "கர்நாடகம்" இன்றைய கர்நாடக மாநிலம் இல்லை, கிழக்குத் தொடர்ச்சி மலைக்கும் கடலுக்கும் நடுவே கிடந்த நம் சமவெளிதான். பாடப்புத்தகத்தில் கர்நாடகப் போர்கள் என்று படித்துவிட்டு மைசூர்ப் பக்கம் நடந்ததாக நினைக்கும் பிள்ளைகளுக்கு, ஆற்காடு முற்றுகை 1751-ல் இங்கே பாலாற்றங்கரையில் நடந்தது, வந்தவாசிப் போர் 1760-ல் நடந்தது என்று சொன்னாலே விஷயம் புரிந்துவிடும்.

ஆற்காடு இளவரசர் ஆற்காட்டில் இருக்கிறார் என்று எண்ணி அரண்மனை பார்க்க வருகிறவர்களும் உண்டு. நவாப் முகமது அலி வாலாஜா 1768-லேயே சேப்பாக்கத்தில் அரண்மனை கட்டிக்கொண்டு சென்னைக்குப் போய்விட்டார். கடைசி நவாப் 1855-ல் வாரிசில்லாமல் இறந்ததும் நவாப் பட்டம் முடிந்தது. அதற்குப் பிறகு பிரிட்டிஷ் அரசு அந்தக் குடும்பத்துக்குக் கொடுத்ததுதான் இளவரசர் பட்டம், அவர்கள் இருப்பது ராயப்பேட்டை அமீர் மகாலில். ஆற்காட்டில் பார்க்கக் கிடைப்பது டெல்லி கேட்டும் கோட்டைச் சுவரின் மிச்சங்களும். அதற்காகவே போகலாம், ஆனால் அரண்மனையை எதிர்பார்த்துப் போகாதீர்கள். பெயரில் ஆற்காடு இருந்தால் ஆள் அங்கே பிறந்தவர் என்பதும் நிச்சயமில்லை. ஆற்காடு ராமசாமி முதலியாரும் லட்சுமணசாமி முதலியாரும் இரட்டையர், பிறந்தது 1887-ல் கர்நூலில்.

வேறு வேலூர்கள்

நாமக்கல், கரூர் வட்டாரத்தில் வேலூர் என்றால் காவிரிக்கரைப் பரமத்தி வேலூர். பார்சல் அனுப்பும்போது "ப." விட்டுப்போனால் அது பாலாற்றுக்கு வந்துவிடும். இலக்கிய ஆர்வலர்கள் செய்யும் தவறு வேறு: சிறுபாணாற்றுப்படையில் வரும் வேலூரை நம் கோட்டை வேலூர் என்று கொள்வது. அது நல்லியக்கோடனின் ஓய்மா நாட்டு ஊர். திண்டிவனம் பக்கத்து உப்புவேலூர் என்று அடையாளம் காட்டுவார்கள். வைத்தீசுவரன் கோயிலின் பழைய பெயரான புள்ளிருக்கு வேளூருக்கும், நாகைப் பக்கத்துக் கீழ்வேளூருக்கும் எழுத்தே வேறு.

சாப்பாட்டுப் பெயர்களில் அதிகம் சண்டை வேண்டாம். மக்கன் பேடா என்ற இனிப்பு ஆற்காட்டுக்கு, பிரியாணி ஆம்பூருக்கு. 2023-ல் புவிசார் குறியீடு வாங்கிய வேலூர் முள்ளுக் கத்தரிக்காய் உண்மையில் அணைக்கட்டுப் பக்கத்து இலவம்பாடியின் சொத்து. சந்தையில் "இலவம்பாடிக் கத்தரி" என்று கேட்டு வாங்குங்கள், காம்பில் முள் இருக்கிறதா என்றும் பாருங்கள்.

கடைசியாக ஒரு பழைய கிண்டல். வேலூரைப் பற்றி "தண்ணி இல்லாத ஆறு, சாமி இல்லாத கோயில், ராஜா இல்லாத கோட்டை" என்று ஒரு பேச்சு உண்டு, ஊருக்குப் புதிதாக வருகிறவர்களிடம் இன்னும் சொல்கிறார்கள். கோட்டைக்குள் ஜலகண்டேசுவரரை 1981-லேயே மறுபடி எழுந்தருளச் செய்தாகிவிட்டது, தினப்படி பூஜை நடக்கிறது. 2021 நவம்பரில் பாலாறு இருகரையும் தொட்டு ஓடியது. ராஜாவைப் பற்றிய பகுதி மட்டும் இன்னும் செல்லும்.