அசமன்பாட்டைத் தீர்க்கும் முறை: குறி எப்போது திரும்புகிறது?

பாம்பனிலிருந்தோ மண்டபத்திலிருந்தோ கடலுக்குக் கிளம்பும் நாட்டுப்படகில் எத்தனை ஐஸ் பெட்டிகள் ஏற்றலாம் என்று கேட்டால், அதற்கு ஒற்றை எண் விடையாகாது. இத்தனைக்கு மேல் கூடாது என்ற எல்லைதான் விடை. அப்படி எல்லையைச் சொல்லும் கணிதக் கூற்றே அசமன்பாடு. சமன்பாட்டைத் தீர்க்கத் தெரிந்த மாணவர் இதில் புதிதாகக் கற்க வேண்டிய விதி ஒன்றே ஒன்றுதான், ஆனால் அதை மனப்பாடம் செய்யாமல் காரணத்தோடு கற்க வேண்டும்.

முதல் படி, சொற்களைக் குறிகளாக மாற்றுவது. சிறியது என்பதற்கு <, பெரியது என்பதற்கு > என்ற குறிகள் 1631இல் வெளியான, ஆங்கிலேயக் கணிதவியலாளர் தாமஸ் ஹாரியட்டின் நூலில் அச்சேறின. குறியின் கீழே கோடு இருந்தால் 'அல்லது சமம்' என்றும் சேர்த்துப் படிக்க வேண்டும். 'அதிகபட்சம்' என்று வந்தால் ≤, 'குறைந்தபட்சம்' என்று வந்தால் ≥.

எடுத்துக்காட்டாக, ஒரு படகு அதிகபட்சம் 600 கிலோ தாங்கும் என்றும், ஆட்களும் வலையும் 280 கிலோ என்றும், ஒரு பெட்டி 40 கிலோ என்றும் கொள்வோம். பெட்டிகளின் எண்ணிக்கை ப எனில்:

280 + 40ப ≤ 600
40ப ≤ 320 (இருபுறமும் 280ஐக் கழிக்க)
ப ≤ 8 (இருபுறமும் 40ஆல் வகுக்க)

பாதிப் பெட்டி என்பது கிடையாது. ஆகவே 0 முதல் 8 வரையுள்ள முழு எண்களே தீர்வுகள்.

இனிக் கடினமான இடம். தொட்டியில் 50 லிட்டர் டீசல் உள்ளது, மணிக்கு 4 லிட்டர் செலவாகிறது, கரை சேரும்போது குறைந்தபட்சம் 10 லிட்டர் மிச்சம் இருக்க வேண்டும். இயந்திரம் ஓடும் மணிநேரம் ம எனில்:

50 − 4ம ≥ 10
−4ம ≥ −40
ம ≤ 10

கடைசி வரியில் −4ஆல் வகுத்தபோது குறி திரும்பியது. ஏன்? கடல் மட்டத்தைப் பூச்சியமாகக் கொண்டால், 3 பாகம் (கடலாழத்தை அளக்கும் அலகு) ஆழம் −3, 5 பாகம் ஆழம் −5. 3ஐ விட 5 பெரியது. ஆனால் −5 என்ற இடம் −3க்குக் கீழே கிடக்கிறது, எனவே −3 > −5. குறை எண்ணால் பெருக்கினாலும் வகுத்தாலும் எண்கள் பூச்சியத்தின் மறுபுறம் போய் வரிசை தலைகீழாகிவிடுகிறது. கூட்டுவதிலும் கழிப்பதிலும் இரு எண்களும் ஒன்றாகவே நகர்வதால் வரிசை மாறுவதில்லை.

குறியைத் திருப்ப மறந்தவருக்கு ம ≥ 10 என்று வரும். அதை நம்பி 13 மணி நேரம் ஓட்ட நினைத்தால், பன்னிரண்டரை மணி நேரத்திலேயே டீசல் தீர்ந்து படகு நடுக்கடலில் நின்றுவிடும். ஆகவே விடை வந்ததும், தீர்வுக்குள் ஓர் எண்ணையும் வெளியே ஓர் எண்ணையும் எடுத்து முதல் வரியில் இட்டுப் பார்க்க வேண்டும். 9 எனில் மிச்சம் 14 லிட்டர், பொருந்துகிறது. 11 எனில் 6 லிட்டர், பொருந்தவில்லை. நேரம் பின்னமாகவும் இருக்கலாம் என்பதால், எண்கோட்டில் 0 முதல் 10 வரை முழுவதும் கோடிட்டு, 10உம் தீர்வில் சேர்வதால் அங்கே நிரப்பிய புள்ளி வைக்க வேண்டும்.

பயிற்சிக்கு 7 − 2ப < 1 என்பதைத் தீர்த்துப் பாருங்கள். ப > 3 என்று வரும். 3ஐ இட்டால் 1 < 1 என்ற பொய்க் கூற்று கிடைப்பதால், அங்கே நிரப்பாத வட்டம் வரைய வேண்டும்.