சால்சா செய்து பாட்டிலில் அடைப்பது எப்படி: சேலத்துக்கு ஒரு நேரம், ஏற்காட்டுக்கு ஒரு நேரம்

தலைவாசல் சந்தையில் தக்காளி விலை படுத்துவிட்டால் சேலம் பக்கத்து வீடுகளில் தொக்குச் சட்டி அடுப்பேறும். அதே தக்காளியில் சால்சா (வெங்காயமும் மிளகாயும் சேர்ந்த மெக்சிகோ பாணித் தொடுகறி) செய்து முறையாக அடைத்தால், ஃபிரிட்ஜ் இல்லாமலே ஒரு வருடம் வைத்துக்கொள்ளலாம். ஆனால் தொக்குப் பழக்கத்தை இதில் கொண்டுவரக் கூடாது. தொக்கைக் காப்பது தண்ணீர் வற்றச் சுண்டுவதும் உப்பும் புளியும் எண்ணெயும். சால்சாவில் தண்ணீர் அப்படியே இருக்கும். அதைக் காப்பவை எலுமிச்சைப் புளிப்பும், கொதிநீரில் வைக்கும் நேரமும்தான். இந்த இரண்டிலும் கைப்பக்குவத்துக்கு இடமில்லை.

காற்றில்லாத பாட்டிலுக்குள் போட்டுலினம் என்ற கிருமி வளர்ந்து நஞ்சு உண்டாக்கும். அதன் வித்துகள் கொதிநீரில் சாகாது, புளிப்பை அளக்கும் பிஹெச் எண் 4.6க்குக் கீழே இருந்தால் மட்டுமே முளைக்காமல் கிடக்கும் (எண் குறையக் குறையப் புளிப்பு அதிகம்). தக்காளியின் பிஹெச்சோ 4.3 முதல் 4.9 வரை, பழத்துக்குப் பழம் மாறும். வெங்காயமும் மிளகாயும் சேரும்போது புளிப்பு இன்னும் குறைகிறது.

அளவு (500 மில்லி பாட்டில் மூன்றுக்கு)

இது அமெரிக்காவின் ஜார்ஜியா பல்கலைக்கழகத்தில் இயங்கும் வீட்டு உணவுப் பதப்படுத்தல் மையத்தின் சோதித்த கணக்கில் சரிபாதி. கப் என்றால் 240 மில்லி.

தோல், விதை நீக்கி நறுக்கிய தக்காளி 3 கப் (ஒன்றேகால் கிலோ வாங்கினால் போதும்)
வெங்காயம், குடமிளகாய், பச்சை மிளகாய் எல்லாம் சேர்த்து நாலரை கப்
பாட்டிலில் விற்கும் எலுமிச்சைச் சாறு முக்கால் கப் (180 மில்லி)
அயோடின் கலக்காத உப்பு ஒன்றரை டீஸ்பூன்

நாலரை கப்புக்குள் எதை எவ்வளவு போடுவது என்பது உங்கள் நாக்கின் விருப்பம். வெங்காயம் இரண்டரை, குடமிளகாய் ஒன்றரை, பச்சை மிளகாய் அரை கப் என்று தொடங்குங்கள். காரம் குறைய வேண்டுமென்றால் பச்சை மிளகாயை எடுத்துவிட்டு அந்த இடத்தில் குடமிளகாயைப் போடுங்கள். மொத்தம் மட்டும் கூடக் கூடாது. சீரகம், ஏற்காட்டு மிளகு போன்ற உலர்ந்த பொடிகளை இஷ்டம்போல் சேர்க்கலாம். பூண்டு, கொத்தமல்லித் தழை, எண்ணெய்த் தாளிப்பு, கெட்டியாக்க ஜவ்வரிசி மாவு, இவை எதுவும் அடைக்கும் முன் வேண்டாம். பூண்டும் தழையும் புளிப்பைக் குறைக்கும், மாவு சூட்டை உள்ளே போகவிடாது. எல்லாவற்றையும் பரிமாறும்போது சேர்த்துக்கொள்ளலாம்.

புது எலுமிச்சையைப் பிழிந்தால் என்ன என்று தோன்றும். பழத்துக்குப் பழம் புளிப்பு மாறும் என்பதால்தான் பாட்டில் சாறு. லேபிளைப் படித்து வாங்குங்கள். சர்க்கரை போட்ட ஸ்குவாஷ் ஆகாது. சாறுக்குப் பதில் வினிகரும் ஆகாது. கடையில் கிடைக்கும் வினிகர் பெரும்பாலும் 4 சதவீதம்தான். புளிக்கரைசலுக்குச் சோதித்த கணக்கே கிடையாது.

தக்காளி

சதைப்பற்றுள்ள பெங்களூர் தக்காளி இதற்கு ஏற்றது. நாட்டுத் தக்காளியில் சாறு அதிகம், சால்சா நீர்த்துப்போகும். உழவர் சந்தை முடியும் நேரத்தில் குவியலாகத் தள்ளிவிடும் வெடித்த, பூசணம் தொட்ட பழங்களைத் தொக்குக்கும் வாங்காதீர்கள், இதற்கு வாங்கவே வாங்காதீர்கள். அழுகிய பழத்தில் புளிப்பு இறங்கியிருக்கும்.

அடியில் கூட்டல் குறி கீறி, கொதிநீரில் அரை நிமிடம் முதல் ஒரு நிமிடம் வரை போட்டு, குளிர்ந்த நீருக்கு மாற்றினால் கீறிய ஓரம் சுருண்டு தோல் தானாக வழுக்கிவரும். குறுக்கே வெட்டி, விதையையும் கூழையும் விரலால் வழித்தெடுங்கள். சோம்பல்பட்டு விதையை விட்டால், அடைத்தபின் சதை மேலே மிதக்கும், தண்ணீர் கீழே நிற்கும். பிறகு எல்லாவற்றையும் அரை சென்டிமீட்டர் துண்டாக நறுக்குங்கள். மிளகாய்க்குக் கையுறை போடுவது நல்லது.

காய்ச்சுவதும் நிரப்புவதும்

எவர்சில்வர் பாத்திரம் எடுங்கள். அலுமினியம், பித்தளை, செம்பு மூன்றும் புளிப்போடு வினைபுரியும். எல்லாவற்றையும் ஒன்றாகப் போட்டு, கிளறிக்கொண்டே மிதமான தீயில் தளதளவென்று கொதிக்கவிட்டு, தீயைக் குறைத்து இன்னும் 3 நிமிடம்.

பாட்டில்கள், தட்டு மூடியும் வளையமும் தனித்தனியாக உள்ள மேசன் ஜாடிகளாக இருக்கட்டும். பழைய ஜாம் மூடியின் உள்வளையம் ஒருமுறை அமுங்கியது. மறுபடி சரியாகப் பிடிக்கும் என்று நம்ப முடியாது. கழுவிய ஜாடிகளை வெந்நீரிலேயே வைத்திருந்து ஒவ்வொன்றாக எடுங்கள். ஆறிய கண்ணாடியில் கொதிக்கும் சால்சா விழுந்தால் அடி விட்டுப்போகும். விளிம்புக்கு ஒன்றேகால் சென்டிமீட்டர் கீழே நிறுத்துங்கள். மூங்கில் குச்சியை ஓரமாக விட்டுக் காற்றுக்குமிழை வெளியேற்றி, ஈரத்துணியால் விளிம்பைத் துடையுங்கள். ஒரு விதை ஒட்டியிருந்தால்கூட மூடி பிடிக்காது. வளையத்தை விரல் நுனியால் எவ்வளவு இறுகுமோ அவ்வளவுதான் திருக வேண்டும், உள்காற்று வெளியேற வழி வேண்டுமல்லவா?

கொதிநீரில் எவ்வளவு நேரம்

ஆழமான குண்டாவின் அடியில் கம்பித் தட்டு வைத்து, ஜாடிகளை நிறுத்தி, மூடிக்கு மேல் குறைந்தது இரண்டரை சென்டிமீட்டர் நிற்கும்படி வெந்நீர் ஊற்றுங்கள். இட்லி வேகவைப்பதுபோல் ஆவியில் வைப்பதோ, குக்கரில் விசில் எண்ணுவதோ இதற்கு மாற்று அல்ல. தண்ணீர் முழுதாகக் கொதித்த பிறகே நேரத்தை எண்ணத் தொடங்குங்கள்.

கடல்மட்டத்திலிருந்து 305 மீட்டர் வரை 15 நிமிடம், அதற்கு மேல் 1,830 மீட்டர் வரை 20 நிமிடம். சேலம் நகரம் சுமார் 280 மீட்டர், ஏற்காடு சுமார் 1,500. இருபது கொண்டை ஊசி வளைவும் ஏறி மேலே போனால் தண்ணீர் ஏறக்குறைய 95 டிகிரியிலேயே கொதித்துவிடும். சூடு குறைவதை நேரம்தான் ஈடுகட்ட வேண்டும். மலையடிவாரத்தில் வீடு உள்ளவர்கள் அந்த 305 மீட்டர் கோட்டுக்கு எந்தப் பக்கம் என்று குழம்ப வேண்டாம், 20 நிமிடமே வையுங்கள். சேலத்துக்காரர்கள் வைத்தாலும் நஷ்டமில்லை, துண்டுகள் கொஞ்சம் குழையும், அவ்வளவுதான். நடுவில் கொதி நின்றுவிட்டால் மறுபடி கொதிக்கவைத்து முதலிலிருந்து எண்ணுங்கள்.

போர் தண்ணீரானால் ஜாடிமேல் வெள்ளைப் படலம் படியும். குண்டாத் தண்ணீரில் கொஞ்சம் வினிகர் விட்டால் படியாது.

நேரம் முடிந்ததும் அடுப்பை அணைத்து, குண்டாவைத் திறந்து 5 நிமிடம் விடுங்கள். உடனே வெளியே இழுத்தால் சால்சா பொங்கி மூடியிடுக்கில் கசியும். பிறகு சாய்க்காமல் எடுத்து, துணிமேல் இடைவெளிவிட்டு வைத்து, 12 முதல் 24 மணி நேரம் தொடாதீர்கள். வளையத்தை அப்போது இறுக்கவும் கூடாது.

பார்ப்பதும் வைப்பதும்

மூடியின் நடு உள்வாங்கி, அழுத்தினால் டிக்கென்று அசையாமல் இருந்தால் சரி. அசைந்தால் அந்த ஜாடி ஃபிரிட்ஜுக்கு, ஒரு வாரத்தில் தீர்த்துவிடுங்கள். நன்றாகப் பிடித்தவற்றின் வளையத்தைக் கழற்றி, துடைத்து, தேதி எழுதி வையுங்கள். 35 டிகிரிக்கு மேல் சூடேறும் இடம் ஆகாது என்பதால், சேலம் வெயிலில் மொட்டைமாடிக்கு அடியிலுள்ள பரணைத் தவிர்த்துச் சமையலறையின் அடித்தட்டில், இருட்டில் வையுங்கள். மூடி உப்பினாலோ, திறக்கும்போது பீறிட்டாலோ, நுரைத்தாலோ ருசி பார்க்காமல் அப்படியே குப்பைக்கு.

திறந்த ஜாடி ஃபிரிட்ஜில் இருக்கட்டும். புளிப்பு தூக்கலாகத் தெரிந்தால் கிண்ணத்தில் எடுத்தபின் ஒரு சிட்டிகை சர்க்கரை போடுங்கள். மரவள்ளி சிப்ஸோடு சாப்பிடலாம். தட்டுவடை செட்டில் காரச் சட்னிக்குப் பதிலாக வைத்தாலும் பொருந்துகிறது, வடிகட்டி வைத்தால் வடை நமுத்துப்போகாது.