மிகேல் இங்க்லானை எந்த வரிசையில் பார்ப்பது?

பழைய மெக்சிகோ படங்களை எங்கே தொடங்குவது என்று கேட்கும் நண்பர்களிடம், நாயகர்களை விடுங்கள், மிகேல் இங்க்லானைப் பிடித்துக்கொள்ளுங்கள் என்பேன். 1956இல் இறந்த இந்தத் துணை நடிகர், அந்தக் காலத்தின் பெரிய இயக்குநர்கள் பலரின் படங்களில் இருக்கிறார். ஆனால் வரிசை முக்கியம்.

முதலில் எமிலியோ ஃபெர்னாண்டஸ் 1943இல் எடுத்த 'மரியா காண்டலாரியா'. சோசிமில்கோ கால்வாய்ப் பகுதியில் கடை வைத்திருக்கும் டான் டமியானாக வருகிறார். நாயகி ஆசையாய் வளர்க்கும் பன்றிக்குட்டியைச் சுட்டுக் கொல்கிறார். அவள் மலேரியாவில் கிடக்கும்போது கொய்னா மருந்து தர மறுக்கிறார். அடுத்தது, பெத்ரோ இன்ஃபாந்தே நடித்த 'நோசோத்ரோஸ் லோஸ் போப்ரெஸ்' (1948). இதில் இங்க்லான் கஞ்சாவுக்கு அடிமையான திருடன். கை கால் அசையாத, பேசவும் முடியாத ஒரு கிழவியின் பார்வையைத் தாங்க முடியாமல் அவர் வெறிபிடித்து நிற்பதைக் கவனியுங்கள். சப்டைட்டிலை அணைத்துவிட்டு அந்த இடத்தை மறுபடி ஓட்டிப் பாருங்கள், பயம் அவர் உடம்பில் எங்கெல்லாம் ஏறுகிறது என்று தெரியும்.

இதற்குள் அவர் முகமே பிடிக்காமல் போயிருக்கும். சரி, இப்போது 'சலோன் மெஹிகோ' (1949) போடுங்கள். தங்கையின் படிப்புச் செலவுக்காக நடனவிடுதியில் பிழைக்கும் மெர்செதெஸை ஒருதலையாய் நேசிக்கும் லூப்பே என்ற போலீஸ்காரர் அவர். அதே கனத்த முகம்தான். ஆனால் அதில் இப்போது கூச்சமும் மரியாதையும்! இதை முதலிலேயே பார்த்தால் நல்ல மனிதர் ஒருவர் என்று கடந்துபோய்விடுவோம். வில்லனாகப் பார்த்த பிறகுதான் இந்த மென்மையின் அருமை புரியும். அவர் நடித்ததில் எனக்கு மிகவும் பிடித்தது இதுதான்.

ஜான் ஃபோர்டின் ஹாலிவுட் படமான 'ஃபோர்ட் அப்பாச்சி'யில் (1948) அப்பாச்சி பழங்குடித் தலைவர் கோச்சீஸாக வருவதையும் இடையில் பார்த்துவிடலாம். ஸ்பானிய மொழியில் பேசும் சின்ன வேடம், நிமிர்ந்து நிற்கிறார்.

அப்புறம், அவசரமில்லாத ஓர் இரவில், லூயிஸ் புனுவலின் 'லோஸ் ஓல்விதாதோஸ்' (1950). தெருவில் வாத்தியம் வாசித்துப் பிழைக்கும் பார்வையற்ற டான் கார்மெலோ. பொட்டலில் பையன்கள் அவரைக் கல்லால் அடித்து மேளத்தைக் கிழிக்கிறார்கள். விழுந்து கிடப்பவருக்கு எதிரே ஒரு கோழி நிற்கிறது. நெஞ்சு பதறும். ஆனால் அவர் கைத்தடி நுனியில் ஆணி இருப்பதை முன்பே பார்த்துவிட்டோம். அப்பா விட்டுப்போன ஒரு சிறுவனுக்கு இடம் கொடுக்கிறார், அவனை வேலையும் வாங்குகிறார். மெச்சே என்ற சிறுமியிடம் அவர் கை நீளும்போது அருவருப்பு வருகிறது. அவர் வரும் ஒவ்வொரு காட்சி முடிந்ததும் படத்தை நிறுத்தி, இரக்கமா வெறுப்பா என்று ஒரு வார்த்தை எழுதிவையுங்கள். கடைசிவரை எழுதிய பிறகு, பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தவரின் தாளோடு ஒப்பிடுங்கள். நான் போட்டுக் காட்டியவர்களில் இரண்டு பேர் தாள் ஒன்றுபோல இருந்ததே இல்லை.