பாசிக்குடா விடுதியைக் கணினி விளையாட்டாக்குதல்

படங்களும் உரையாடலும் தெரிவுகளுமாய் நகரும் காட்சிப் புதினத்தையும் மேலாண்மை விளையாட்டையும் ஒன்றாக்கி, வயது வந்தோருக்கான கணினி விளையாட்டொன்றைச் செய்ய விரும்புபவர் முதலில் எழுதவேண்டியது கதையை அன்று, கணக்குக் கொப்பியை. இலங்கையின் கிழக்குக் கரையிலுள்ள பாசிக்குடாவில் நான்கு அறைகள் கொண்ட ஒரு விடுதியை எடுத்துக்கொள்வோம். வளைகுடாவில் உழைத்துத் திரும்பிய முப்பத்தெட்டு வயதுப் பெண்ணொருத்தி அதனை நடத்துகிறாள். ஓர் இரவுக்கு வாடகை 5,000 ரூபாய் என்றால், கச்சான் எனும் தென்மேற்குக் காற்று வீசிக் கடல் அமைதியாகக் கிடக்கும் மாதங்களில் எல்லா அறைகளும் நிரம்பும் வாரமொன்றில் 1,40,000 ரூபாய் வரும். மாரியில் வாரத்துக்கு நான்கு அறை-இரவுகளே விலைபோனால் வரவு 20,000. கூலியும் மின்கட்டணமும் வாரத்துக்கு 35,000. பன்னிரண்டு வாரங்களில் 1,80,000 ரூபாய் துண்டுவிழும். அதை நிரப்ப அவள் சீட்டை முன்கூட்டியே எடுப்பாளா, நகையை அடகு வைப்பாளா, விட்டுப்போன கணவன் நீட்டும் பணத்தை வாங்குவாளா என்ற இடத்திலேயே கதை பிறக்கிறது.

இதனை உருவாக்க, 2004 முதல் இலவசமாகக் கிடைக்கும், காட்சிப் புதினங்களை ஆக்கும் மென்பொருளான ரென்பை போதுமானது. பணம், வாரம், உறவின் நெருக்கம் ஆகிய மாறிகளை ‘டிஃபோல்ட்’ கூற்றால் அறிவிக்கவேண்டும். மாறாதவற்றுக்கு உரிய ‘டிஃபைன்’ கூற்றால் அறிவித்தால் அவை சேமிப்புக் கோப்பில் ஒழுங்காகப் பதிவாகாமல் போகலாம். ரென்பையில் ஆடுபவர் பின்னோக்கி உருட்டிப் பழைய தெரிவை மாற்றலாம் என்பது புதினத்துக்கு அழகு, கணக்குக்கு ஆபத்து. விருந்தினர் தொகையை, ரென்பைக்கு அடிப்படையான பைதன் நிரல்மொழியின் சாதாரண எழுமாற்று எண்ணால் தீர்மானித்தால், நல்ல எண் விழும்வரை அவர் உருட்டிக்கொண்டே இருப்பார். ரென்பைக்கே உரிய எழுமாற்று எண்ணைப் பயன்படுத்தினால், பின்சென்று திரும்பினாலும் அதே எண்ணே வரும். வார இறுதிக் கணக்கு முடிந்ததும் பின்னோக்கி உருட்டுவதைத் தடுக்கும் ‘பிளொக் ரோல்பேக்’ கட்டளையை இடுவது இன்னும் பாதுகாப்பானது.

ரென்பையுடன் இயல்பாக வரும் எழுத்துருவில் தமிழ் கட்டங்களாகவே தெரியும். நோட்டோ சான்ஸ் தமிழ் போன்ற எழுத்துருவொன்றை விளையாட்டின் கோப்புறையில் இட்டுப் புதிய பதிப்பில் இயக்கி, ‘கொ’, ‘கோ’ ஆகியவற்றின் கொம்பு உரிய இடத்தில் நிற்கிறதா எனப் பார்க்கவேண்டும். உரையாடலிலும் இதே கவனம் தேவை: மட்டக்களப்புப் பாத்திரம் ‘மறுகா வாங்க’ (பிறகு வாருங்கள்) என்று சொல்லும், யாழ்ப்பாணத்தாரைப் போல ‘வாங்கோ’ என்றால் பக்கத்து வாழைச்சேனையில் சிரிப்பார்கள்.

வயது வந்தோருக்கான விளையாட்டு என்பதால், பாத்திரங்கள் அனைவரும் பதினெட்டைக் கடந்தவர்கள் என்பது ஐயமின்றித் தெரியவேண்டும். தொடக்கத்தில் வயதை உறுதிப்படுத்தும் திரையும், நெருக்கமான காட்சிகளைத் தாண்டிச்செல்லும் தெரிவும் வேண்டும். அத்தெரிவை ‘பெர்சிஸ்டன்ட்’ மாறியில் வைத்தால் புதிய ஆட்டத்திலும் அழியாது. இலங்கையில் 1927ஆம் ஆண்டின் ஆபாச வெளியீடுகள் கட்டளைச் சட்டம் இருப்பதால், வெளியிடுமுன் சட்டத்தரணி ஒருவரிடம் கேட்பது நல்லது.

படங்கள் வரையுமுன், வெறும் எண்களுடன் ஐம்பத்திரண்டு வாரங்களையும் ஆடிப் பாருங்கள். கடன் வாங்காமலே மாரியைக் கடக்க முடிந்தால் கூலியை உயர்த்துங்கள், அல்லது ஓர் அறையின் கூரையை ஒழுகவிடுங்கள்.