பழைய ஸ்வீடிஷ் பேசும்படத்துல ஒரு சின்ன நடிகரைத் தேடிப் பிடிக்கிறது எப்படி

ஸ்வீடன்ல பிறந்த ஹாலிவுட் நடிகை கிரெட்டா கார்போவோட அண்ணன் ஸ்வென்னும் நடிகர்தாங்க. தங்கச்சி ஹாலிவுட்ல கொடிகட்டிப் பறந்த நேரத்துல இவரு 1930ல வந்த "நேர் ரூசுர்ன ஸ்லோ ஊட்" படத்துல நடிச்சாரு, ஆனா இப்ப இவரைப் பத்தி யாரும் பேசுறதில்ல. இந்த மாதிரி ஆளைத் தேடணும்னா இவரையே வச்சு பழகிக்கலாம்.

மொதல்ல பேர்லயே சிக்கல். குடும்பப் பேர் குஸ்தாஃப்சன், கார்போங்கிறது தங்கச்சி சினிமாவுக்கு வச்சுக்கிட்டது, ஆனா தேடுனா ஸ்வென் கார்போன்னும் வரும், ஸ்வென் குஸ்தாஃப்சன்னும் வரும், அதுலயும் எஃப்பா வியா, ஒரு எஸ்ஸா ரெண்டு எஸ்ஸான்னு இடத்துக்கு இடம் மாறும். எல்லாத்தையும் போட்டுப் பாருங்க. இன்னொண்ணு, தலைல வட்டமோ ரெண்டு புள்ளியோ இருக்கிற மூணு எழுத்து ஸ்வீடிஷ் அகர வரிசையில இசட்டுக்கும் அப்புறம்தான் வரும், அது தெரியாம லிஸ்ட்ல ஏ பக்கமே தேடிட்டு ஆளே இல்லன்னு மூடிட்டுப் போயிடாதீங்க.

அடுத்து ஸ்வீடிஷ் ஃபில்ம் இன்ஸ்டிடியூட் நடத்துற ஸ்வென்ஸ்க் ஃபில்ம்டேட்டாபாஸுக்குப் போங்க, ஃப்ரீதான். என் அனுபவத்துல ஆள் பேரை விட படத்துப் பேர்ல ஆரம்பிக்கிறதுதான் ஈஸி, ஏன்னா நடிகர் லிஸ்ட்ல எந்த ரோல்னு சேர்த்தே போட்டிருப்பாங்க, டைட்டில்ல பேர் வராத துக்கடா ரோல்கூட சில சமயம் மாட்டும். இங்கிலீஷ் பக்கத்தோட நிறுத்தாம ஸ்வீடிஷ் பக்கத்தையும் டிரான்ஸ்லேட் போட்டுப் படிங்க.

ஸ்வீடன் படம்னதும் ஷூட்டிங் ஸ்டாக்ஹோம் பக்கத்துல ரோசுண்டா ஸ்டூடியோலதான்னு நெனச்சா ஏமாந்தீங்க. மேல சொன்ன படம் எடுத்தது பாரிஸ் பக்கத்துல ஜுவான்வில்ல, ஹாலிவுட் கம்பெனியான பாராமவுண்ட்காரங்க ஸ்டூடியோல. அப்ப டப்பிங் சரியா வராத காலம், அதனால ஒரே கதையை, பல சமயம் ஒரே செட்ல, ஆளை மட்டும் மாத்தி ஒவ்வொரு பாஷைக்கும் தனியா எடுத்துத் தள்ளுவாங்க. உங்க ஆள் அங்க போனவரா இருந்தா அதே கதையோட பிரெஞ்சு வெர்ஷனையும் பாத்துடுங்க, ஆனா அதுல நடிச்சவரை இவரோட போட்டுக் குழப்பிக்காதீங்க.

பேர் கெடச்சதும் பிறந்த வருஷத்தை ஒத்துப் பாக்காம நம்பாதீங்க. நம்ம ஸ்வென் 1898, ஆனா ஸ்வீடன்ல ஸ்வென் குஸ்தாஃப்சன்கிறது நம்மூர்ல முருகன் மாதிரி, தெருவுக்கு நாலு பேர் இருப்பாங்க.

அப்புறம் அந்த ஊர் நேஷனல் லைப்ரரியோட பழைய பேப்பர் தளத்துல பேரை கோட்ஸ்குள்ள போட்டு, படம் ரிலீஸான வருஷத்தை ஃபில்டர் பண்ணுங்க. காப்பிரைட்னால 1930 பேப்பரை வீட்ல இருந்து முழுசா திறக்க முடியாம போகலாம், எந்த பேப்பர் எந்த தேதின்னு வந்தாலே அதைக் குறிச்சு வச்சுக்குங்க.

அதுக்கும் மசியலன்னா நேஷனல் ஆர்க்கைவ்ஸ் ஸ்கேன் பண்ணிப் போட்டிருக்கிற சர்ச் பிறப்புப் பதிவேடு இருக்கு, பாக்க காசு கெடையாது. கையெழுத்துதான் கொடுமை, ஒரு பக்கம் படிக்கிறதுக்குள்ள டீ ஆறிடும்.