ஆவணப்படத்துக்குள் பரிசோதனை: தொடங்குபவருக்கான வழிமுறை

ஆவணப்படத்துக்கும், வழக்கமான சொல்முறையை விட்டுப் படத்தின் வடிவத்தையே சோதித்துப் பார்க்கும் பரிசோதனைப் படத்துக்கும் இடைப்பட்ட வெளியில் இயங்க விரும்பும் இயக்குநர், எடுத்துக்கொண்ட பொருளில் எந்தப் பகுதி நேர்காணலுக்கும் பின்னணிக் குரலுக்கும் பிடிபடாமல் நழுவுகிறது என்பதை முதலில் கண்டறிய வேண்டும். இரவுப்பணி செய்பவர் தம் களைப்பைச் சொற்களில் விளக்கிவிடலாம். ஆனால் அந்த இரவின் நீளத்தைப் பார்வையாளர் உணர வேண்டுமானால், வெட்டப்படாத ஒரு நீண்ட ஷாட் தேவைப்படலாம். அத்தகைய தேவை எழாத இடத்தில் வடிவச் சோதனை வெறும் அலங்காரமாகவே நின்றுவிடும்.

அடுத்து, படப்பிடிப்புக்கான விதி ஒன்றை ஒரே வரியில் எழுதிக்கொள்ளுங்கள்: கேமரா முக்காலியை விட்டு நகராது, அல்லது முகங்கள் காட்டப்படா. 16 மி.மீ. ஃபிலிமில் 100 அடிச் சுருள், நொடிக்கு 24 ஃபிரேம் வேகத்தில், ஏறத்தாழ 2 நிமிடம் 45 நொடிக்குள் தீர்ந்துவிடும் என்பதால், எதை எடுப்பது என்ற முடிவு பொத்தானை அழுத்துவதற்கு முன்பே நிகழ்ந்தது. டிஜிட்டல் கேமரா அந்தக் கட்டாயத்தை நீக்கிவிட்டதால், கட்டுப்பாட்டை நாமே விதித்துக்கொள்ள வேண்டியிருக்கிறது.

இவ்வகைப் படத்தின் பெரும்பகுதி ஒலியில்தான் உருவாகிறது என்பது என் கருத்து. சோவியத் ஆவணப்பட இயக்குநர் ட்ஸிகா வெர்தோவ் 1930-இல் கிழக்கு உக்ரைனின் தொன்பாஸ் பகுதியின் ஆலை, சுரங்க ஒலிகளை அந்தந்த இடத்திலேயே பதிவுசெய்து, ஒரு சிம்பொனியைப் போல அடுக்கினார். நீங்களும் ஒவ்வோர் இடத்திலும், யாரும் பேசாத நேரத்தின் சூழல் ஒலியைத் தனியாக ஓரிரு நிமிடங்கள் பதிவுசெய்யுங்கள். நேர்காணலைப் படம்பிடிக்காமல் ஒலியாக மட்டும் எடுத்தால் பேசுபவரின் இறுக்கம் தளர்வதோடு, அந்தக் குரலை அவர் வேலைசெய்யும் கைகளின் மீதோ, ஆளில்லாத அறையின் மீதோ வைத்துப் பார்க்கும் உரிமையும் கிடைக்கிறது. குரல் சொல்வதையே படமும் காட்டினால் இரண்டில் ஒன்று வீண். இரண்டுக்கும் தொடர்பே இல்லையென்றால் பார்வையாளர் தேடுவதைக் கைவிட்டுவிடுவார்.

படத்தொகுப்பில் காலவரிசையைத் தவிர்த்து, அசைவு, ஒளி, ஓசை ஆகியவற்றின் ஒப்புமையால் ஷாட்களை இணைத்துப் பாருங்கள். ஒரே ஷாட் இரண்டாம் முறை வரலாம், ஆனால் அதற்குள் அதன் பொருள் மாறியிருக்க வேண்டும். தொகுப்பின் ஒவ்வொரு வரைவு வடிவத்தையும் ஒருமுறை ஒலியின்றியும், இன்னொரு முறை திரையை அணைத்துவிட்டும் சோதிப்பது நல்லது.

உண்மை மனிதரின் உருவத்தை மெதுவாக்குவதும், பின்னோக்கி ஓட்டுவதும், வேறொரு பிம்பத்தின் மீது படியவைப்பதும் அவரைப் பற்றிய கூற்றுகளே ஆகும். ஆகவே படப்பிடிப்புக்குப் பெற்ற ஒப்புதல் போதுமென்று இருந்துவிடாமல், தொகுத்த காட்சியை அவரிடம் காட்டுங்கள். மூலக் கோப்புகளை மாற்றாமல், தேதி, இடக் குறிப்புகளுடன் தனியே பாதுகாத்து வையுங்கள். (புதிதாக எடுத்த காட்சியில் மென்பொருள் கொண்டு கீறல்களைச் சேர்த்து பழைய ஃபிலிம் போலக் காட்டுவதை ஆவணப் பொய் என்றே கருதுகிறேன்.)

முதல் வடிவத்தை, பொருளை அறியாத சிலருக்குத் திரையிடும்போது, பிடித்ததா என்று கேட்காமல், எதைப் பார்த்தார்கள், எதைக் கேட்டார்கள் என்று விவரிக்கச் சொல்லி, அவர்கள் குறிப்பிடாமல் விட்ட காட்சிகளிலிருந்து அடுத்த கட்டத் தொகுப்பைத் தொடங்குங்கள்.