போட்டோஸ்கேன் ஆப்ல பழைய படம் சரியா வரலையா? இதப் பாருங்க

பழைய பிரிண்ட் போட்டோவ போன் கேமராவுல ஸ்கேன் பண்ற கூகுளோட போட்டோஸ்கேன் ஆப்ல பட்டன அமுக்குனதும் நாலு புள்ளி வரும், ஒவ்வொரு புள்ளி மேலயும் போன கொண்டுபோய் நிறுத்துனா தனித்தனியா எடுத்து எல்லாத்தையும் சேத்து கிளேர் (லைட் பட்டு பளிச்சுன்னு அடிக்கிற வெளிச்சம்) இல்லாத ஒரே படமா குடுக்கும். புள்ளி நிறையவே மாட்டேங்குதுன்னா பெரும்பாலும் போன சாய்க்கிறீங்கன்னு அர்த்தம், சாய்க்காம படத்துக்கு நேரா ஒரே உயரத்துல வச்சு மெதுவா நகத்துங்க. போட்டோவ கையில புடிச்சிட்டு எடுக்கவே எடுக்காதீங்க, டேபிள்ல வைங்க.

ஓரம் தப்பா வெட்டுதா? வெள்ள பார்டர் உள்ள படத்த வெள்ளத் துணி மேல வச்சா ஆப்புக்கு எல்லை தெரியாது, கருப்பு சார்ட் பேப்பர் மேல வைங்க. அப்பவும் கோணலா வந்தா எடுத்த படத்த தொறந்து மூலைய நீங்களே இழுத்து சரி பண்ணலாம்.

கிளேர் போகலன்னா ட்யூப்லைட்டுக்கு நேர் கீழ இருந்து ஜன்னல் பக்கம் மாத்துங்க, ஆனா நேரடி வெயில் வேணாம். மங்கலா இருந்தா மொதல்ல கேமரா லென்ஸ துடைங்க, பாதி பிரச்சினை அங்கயே முடிஞ்சிரும்.

ஆல்பம் பிளாஸ்டிக்ல ஒட்டிப்போன கல்யாண போட்டோவ தயவுசெஞ்சு பிச்சு எடுக்காதீங்க, மேல் லேயர் உரிஞ்சு வந்தா திரும்பக் கெடைக்காது, கவரோடயே ஸ்கேன் பண்ணுங்க, கிளேர் எடுக்குற வசதி இருக்கறதே இதுக்குத்தான்.

ஸ்கேன் பண்ண படம் கூகுள் போட்டோஸ்ல வரலன்னா ஆண்ட்ராய்டுல பேக்கப் செட்டிங்ல போட்டோஸ்கேன் ஃபோல்டர ஆன் பண்ணி விடுங்க.